அந்த ஐடிக்குள் நாலு பேர்

ஒரு பெண் உனக்கு மட்டும் என்று எழுதி அனுப்பியதைப் பக்கத்தில் இருப்பவர்களுக்குக் காட்டும்போது ஓர் ஆணின் முகத்தில் ஒரு சிரிப்பு வருகிறது. அது எங்கிருந்து வருகிறது? கல்யாணம் ஆன நாளிலிருந்து இந்தக் கேள்வி என்னிடம் இருக்கிறது, பதில் இல்லை. பெருமையா, பயமா, தனியாக எதையும் வைத்துக்கொள்ளத் தெரியாத பழக்கமா என்று மாற்றி மாற்றி யோசித்திருக்கிறேன். இன்று மத்தியானம் உன் அப்பாவிடமே கேட்டேன். வேட்டியை உதறிக் கட்டிக்கொண்டே, "அதுல என்ன இருக்குது? சந்தோசத்துல காட்டறதுதான்" என்றார். அவருக்கும் தெரியவில்லை. உன்னிடம் கேட்டால் உனக்கும் தெரியாது. ஆனால் அந்தச் சிரிப்பை இன்று சாப்பாட்டு மேசையில் உன் முகத்தில் பார்த்தேன். நீ பிறந்ததிலிருந்து உன்னைப் பார்த்து எனக்கு வராத ஓர் உணர்ச்சி அப்போது வந்தது. அதை நாசூக்காகச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. அருவருப்பு.

எதிரில் உட்கார்ந்தே பேசியிருக்கலாமே என்பாய். இந்த வீட்டில் எதிரில் உட்கார்ந்து பேசினால் உன் அத்தையும் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொள்வாள். அதனால்தான் எழுதுகிறேன். நாளைக்குச் சேலத்தில் முகூர்த்தப் பட்டு எடுக்க வேண்டும் என்று அத்தை திருச்செங்கோட்டிலிருந்தும், நீ பெங்களூரிலிருந்தும் வந்திருக்கிறீர்கள். சாப்பிடும்போது உன் போனில் செய்தி வந்தது. நீ பார்த்துச் சிரித்தாய். "என்ன சாமி, மோகனூர்க்காரியா?" என்று அத்தை கை நீட்டினாள். நீ கொடுத்தாய். யாரும் பறிக்கவில்லை, நீயே கொடுத்தாய். அவள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, நீ கட்டிக்கொள்ளப் போகிற பெண்ணின் குரல் போல மெல்லிய குரல் வைத்துப் படித்தாள். பிறகு விரலால் மேலே தள்ளி, போன வாரத்தையும் படித்தாள். அந்தப் பெண் என்ன எழுதியிருந்தாள் என்பதை இந்தக் கடிதத்தில் ஒரு சொல்கூட நான் எழுத மாட்டேன். அவள் பெயரையும் எழுத மாட்டேன். இந்தக் கடிதம் யார் கைக்குப் போனாலும் இதில் வெளியே வருகிற அந்தரங்கம் என்னுடையதாக மட்டும் இருக்க வேண்டும். அவள் எழுதியது ஓர் ஆணிடம் ஒரு பெண் வாழ்க்கையில் ஒரு தடவை மட்டுமே, மிகுந்த தயக்கத்துக்குப் பிறகு, சொல்லக்கூடிய விஷயம் என்று மட்டும் சொல்கிறேன். நீங்கள் மூன்று பேரும் சிரித்தீர்கள். உன் அப்பா சத்தமில்லாமல், தயிரைப் பிசைந்துகொண்டே சிரித்தார்.

போனைத் திருப்பிக் கொடுக்கும்போது அத்தை சொன்னாள். "அட, நாங்கெல்லாம் அந்தக் காலத்துல இதுக்குனு கெளம்பி சென்டருக்குப் போயிப் படிச்சோம். இப்பப் பாரு, சோத்துத் தட்டுக்கே வருது." சொல்லிவிட்டு என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினாள். "என்ன அம்மிணி, நாஞ் சொல்றது?" நான் எழுந்து கை கழுவப் போனேன். உனக்கு அந்தப் பேச்சு புரிந்திருக்காது. புரிய வேண்டிய நேரம் வந்துவிட்டது.

எனக்கும் உன் அப்பாவுக்கும் நிச்சயமானபோது ஊரில் பிரவுசிங் சென்டர்கள் புதிதாக முளைத்துக்கொண்டிருந்தன. கல்யாணம் அடுத்த மாதமே நடக்க வேண்டியது. அவர்கள் பங்காளி வீட்டில் ஒரு சாவு விழுந்து, முகூர்த்தம் பல மாதங்கள் தள்ளிப்போனது. நான் எம்.எஸ்சி. நுண்ணுயிரியல் முடித்து, நாமக்கல்லில் கோழித் தீவனம் பரிசோதிக்கிற கூடத்தில் வேலைக்குச் சேர்ந்திருந்தேன். மக்காச்சோளத்தில் பூஞ்சை நஞ்சு இருக்கிறதா என்று பார்க்கும் வேலை. உன் அப்பா ரிக் வண்டியோடு வட மாநிலங்களுக்குப் போய்ப் போர்வெல் போடுகிறவர். மழைக்காலத்தில் வண்டி ஊர் திரும்பி நிற்கும், அவரும் வீட்டில் இருப்பார். போனில் பேசலாம் என்றால் எங்கள் வீட்டுப் போன் கூடத்தின் நடுவில், என் அப்பாவின் நாற்காலிக்குப் பக்கத்தில் இருந்தது. நான் "சொல்லுங்க" என்றாலே மொத்த வீடும் பேச்சை நிறுத்திவிட்டுக் கேட்கும். அப்போதுதான் உன் அத்தையின் வீட்டுக்காரர், நீ மாமா என்று கூப்பிடுகிறவர், ஒரு யோசனை சொன்னார். "படிச்ச புள்ளைதானுங்க. சாட்டிங்ல பேசிக்கட்டும். யாரு கேக்கப் போறாங்க?"

யார் கேட்கப் போகிறார்கள் என்ற அந்த வாக்கியத்தை நான் எவ்வளவு நம்பினேன் தெரியுமா. வேலை முடிந்து பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடியில் இருந்த சென்டருக்குப் போவேன். ஒட்டுப்பலகையால் தடுத்த சின்னச் சின்ன அறைகள், ஒவ்வொன்றுக்கும் ஓர் அழுக்குத் திரை. கீபோர்டு பிசுபிசுக்கும். ஏசியின் குளிரிலும் யாரோ குடித்துவிட்டுப் போன சிகரெட் வாடை இருக்கும். தனியாக வருகிற பெண்ணைக் கடைக்காரர் ஒரு தினுசாகப் பார்ப்பார். கைக்குட்டையால் மவுஸையும் கீபோர்டையும் துடைத்துவிட்டுத்தான் உட்காருவேன். ஆனால் திரையை இழுத்து விட்டதும், பிறந்ததிலிருந்து எனக்குக் கிடைக்காத ஒன்று கிடைத்தது. யாரும் எட்டிப் பார்க்காத ஓர் இடம்.

உன் அப்பா வருவதற்காகக் காத்திருக்கும்போது சாட்டிங்கில் இருந்த பொது அறைகளுக்குள் போய்ப் பார்த்திருக்கிறேன். நுழைந்த உடனே முகம் தெரியாத பத்துப் பேர் வந்து வயது, ஆணா பெண்ணா, ஊர் என்று கேட்பார்கள். பதில் சொன்னால் அடுத்த கேள்வி என்ன உடை போட்டிருக்கிறாய் என்பதாக இருக்கும். நடிகர் பெயர், புலி, இளவரசன் என்று ஆளுக்கொரு பெயர். என் ஐடி ஒரு பூஞ்சையின் பெயர். அதைப் பார்த்துவிட்டு ஒருவன் "அழகான பெயர், கேரளாவா?" என்று கேட்டான். அவர்களைக் கண்டு எனக்குச் சிரிப்பும் எரிச்சலும் வந்தன, பயம் வரவில்லை. எல்லாமே பொய் என்று தெரிந்த இடத்தில் ஏமாற என்ன இருக்கிறது? பொய்ப் பெயரில் வந்த யாரிடமும் நான் ஏமாறவில்லை என்பதை நீ குறித்துக்கொள்.

உன் அப்பாவின் ஐடி அவர்கள் ரிக் வண்டியின் பெயரும் வண்டி நம்பரும் சேர்ந்தது. கூச்சப்படுகிற மனிதர் வேடிக்கைக்கு வைத்திருக்கிறார் என்று நினைத்தேன். தமிழை ஆங்கில எழுத்தில் அடித்துத்தான் பேசிக்கொண்டோம். பெண் பார்க்க வந்த அன்று தலையே நிமிராமல் உட்கார்ந்திருந்தவர் சாட்டிங்கில் நன்றாகப் பேசினார். கேலி செய்வார். நான் படித்ததைப் பற்றிக் கேட்பார். சில சமயம் பதில் வர வெகு நேரம் ஆகும். யோசித்து எழுதுகிறார் என்று நினைத்தேன். சில நாள் ஒரு மாதிரி, சில நாள் வேறு மாதிரி எழுதுவார். ஒரு மனிதருக்குள் இத்தனை முகமா என்று வியந்தேன். தீவனத்தில் கோடியில் ஒரு பங்கு நஞ்சைக் கண்டுபிடிக்கப் படித்தவள் இதைக் கண்டுபிடிக்கவில்லை.

சின்ன வயதில் என் மேல் வடிகஞ்சி கொட்டியது உனக்குத் தெரியாது. இடது வயிற்றிலிருந்து தொடை வரை தோல் சுருங்கி, நிறம் மாறிய தழும்பு இன்றும் இருக்கிறது. எங்கள் வீட்டில் அதை மாப்பிள்ளை வீட்டாருக்குச் சொல்லவில்லை. துணிக்குள் இருப்பதுதானே என்றாள் என் அம்மா. எனக்கு அது ஒப்பவில்லை. கட்டிக்கொள்ளப் போகிறவருக்கு முன்பே தெரிய வேண்டும், பிடிக்கவில்லை என்றால் அவர் விலகிக்கொள்ள நேரம் இருக்க வேண்டும் என்று நினைத்தேன். இரண்டு முறை சென்டருக்குப் போய் எழுத முடியாமல் திரும்பினேன். பிறகு ஒரு நாள் எழுதினேன். எங்கே, எவ்வளவு பெரியது, தொட்டால் எப்படி இருக்கும் என்று எல்லாவற்றையும் எழுதினேன். அதனால் எனக்கு இருந்த பயங்களையும் எழுதினேன். நீண்ட நேரம் பதில் இல்லை. பிறகு வந்தது. "அது உங்கள் தப்பு இல்லை. எனக்கு ஒன்றும் இல்லை. இனி இதைப் பற்றி நீங்கள் பயப்பட வேண்டாம்." படியிறங்கி பஸ் ஸ்டாண்டு வரை எப்படி நடந்தேன் என்று தெரியவில்லை. நிச்சயத்தை ஏற்றுக்கொண்டது என் அப்பாவுக்காக. உன் அப்பாவை ஏற்றுக்கொண்டது அன்றைக்குத்தான்.

முகூர்த்தத்தன்று மண்டபத்து அறையில் எனக்குப் புடவை கட்டிவிட உன் அத்தை வந்தாள். அவள்தான் உன் அப்பாவுக்கு இணைச்சீர் செய்தவள். நம் பக்கத்தில் மாப்பிள்ளையோடு உடன்பிறந்தவளையும் சேர்த்து நிறுத்திச் செய்கிற அந்தச் சீர் உனக்குத் தெரியும், உன் கல்யாணத்தில் உனக்குச் சித்தப்பா மகள்தான் செய்யப் போகிறாள். கொசுவம் செருக வந்தவள், பாவாடையை ஒரு பக்கம் தாராளமாக விலக்கி, குனிந்து பார்த்தாள். பிறகு கதவோரம் நின்ற யாரையோ பார்த்துச் சொன்னாள். "இதுதானா? நாங்க என்னமோ பெருசா இருக்கும்னு இல்ல நெனச்சோம்."

நான் அவளுடைய கையைப் பிடித்துக்கொண்டு கேட்டேன். "உங்களுக்கு எப்படித் தெரியுமுங்க?"

"ஏம்புள்ள, நீதான எழுதுன? பக்கத்துல உக்காந்து படிச்சது நானு. இணைச்சீர்க்காரிக்குத் தெரியாம என்ன இருக்குது?" மிகவும் பிரியமாகத்தான் சொன்னாள். கன்னத்தைக்கூடக் கிள்ளினாள்.

ஒரு ஐடிக்குள் நாலு பேர் இருந்தார்கள். உன் அப்பா, அத்தை, மாமா, சித்தப்பா. திருச்செங்கோட்டில் தெரிந்தவர் கடை என்பதால் நான்கு நாற்காலி போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். கீபோர்டில் மாமா. உன் அப்பாவுக்கு அப்போது டைப் அடிக்கத் தெரியாது. பிறகு நான் கேட்டபோது அவர் சொன்னார். "நானு தனியாப் போனா ஊட்டுல என்ன நெனப்பாங்க? அக்காளுக்குத் தெரியாம நான் எதும் செஞ்சதில்ல." அவர் பொய் சொல்லவில்லை. அவர்களுக்கு அந்த ஐடியும் ரிக் வண்டி போலத்தான், ஒரே பட்டா நிலம் போலத்தான், குடும்பத்துச் சொத்து. அதில் வருகிற மருமகளின் பேச்சும் அப்படித்தான். ஒளிந்திருந்து கேட்டால் தப்பு என்று தெரியும். அவர்கள் ஒளியவில்லை, முறுக்கும் டீயும் வாங்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். இதில் தப்பு என்ன என்று இன்றுவரை அவர்களுக்குத் தெரியாது.

இனி பயப்பட வேண்டாம் என்று எழுதியது யார்? உன் அப்பா தானே சொன்னதாகச் சொல்கிறார். அத்தை தான் சொல்லிக் கொடுத்ததாகச் சொல்கிறாள். மாமா ஒரு தீபாவளிக்கு எல்லாரும் உட்கார்ந்திருக்கும்போது, "உங்க ஊட்டுக்காரரு முழிச்சாரு, நாந்தான் சமாளிச்சு அடிச்சு உட்டேன்" என்றார். கூடத்தில் ஒரே சிரிப்பு. என் வாழ்க்கையில் எனக்கு மிக ஆறுதல் தந்த வரி அது. அதற்கு மூன்று பேர் சொந்தம் கொண்டாடினார்கள். அதை நினைத்தால் அடுத்தவர் கடித்த பழத்தைத் தெரியாமல் தின்றுவிட்டது போல இப்போதும் குமட்டுகிறது.

இதற்குப் பிறகு நாங்கள் சண்டை போடவில்லை. உன் அப்பா நல்லவர், அதில் எனக்குச் சந்தேகமில்லை. என் மேல் ஒரு நாளும் கை நீட்டியதில்லை, வேலைக்குப் போகாதே என்றதில்லை. ஆனால் அன்றிலிருந்து அவரிடம் நான் பேசியதெல்லாம், கூடத்தில் உரக்கச் சொன்னாலும் பாதகமில்லாத பேச்சு மட்டுமே. அரிசி தீர்ந்தது, உனக்குக் காய்ச்சல், வண்டிக்கு இன்ஷூரன்ஸ். நீ கல்லூரிக்குப் போன வருடம் எனக்கு மார்பில் ஒரு கட்டி வந்தது. சேலத்துக்குப் பரிசோதனைக் கூடத்துத் தோழியோடு போய், ஊசி போட்டுச் சதை எடுத்துப் பரிசோதித்து, ஒன்றுமில்லை என்று தெரியும் வரை வீட்டில் யாருக்கும் சொல்லவில்லை. தெரிந்த பிறகும் சொல்லவில்லை. உன் அப்பாவுக்கும் இதைப் படித்தால்தான் தெரியும். அந்த நாட்களில் அவர் பக்கத்தில் படுத்துக்கொண்டு, சொல்லலாமா என்று நினைப்பேன். உடனே அத்தையின் குரல் கேட்கும். "எவ்வளவு பெருசு, அம்மிணி?" வாயை மூடிக்கொள்வேன். ஒரு வீட்டில் இத்தனை வருடம் இப்படியும் வாழலாம். யாரும் கண்டுபிடிக்க மாட்டார்கள். நீயே கண்டுபிடிக்கவில்லை.

இன்று நான் கை கழுவும் இடத்துக்கு நீ வந்தாய். "என்னம்மா மூஞ்சியத் தூக்கி வெச்சுக்கிட்டு? நம்ம ஊட்டுக்குள்ளதான படிச்சாங்க. ஸ்கிரீன்ஷாட்டா எடுத்தாங்க?" என்று கேட்டாய். உன் அப்பாவுக்கு ஒரு சாக்கு இருந்தது, அந்தரங்கம் என்றால் என்ன என்றே அவருக்குத் தெரியாது. உனக்கு என்ன சாக்கு? போனுக்கு விரல்ரேகைப் பூட்டு வைத்திருக்கிறாய். உன் சம்பளம் எவ்வளவு என்று எனக்கே சொன்னதில்லை. அலுவலகத்துக் கம்ப்யூட்டரை நான் தொட்டால் பதறுகிறாய். உன்னுடையதைப் பூட்டி வைக்க உனக்குத் தெரிகிறது. பூட்டத் தெரியாமல் நீ கொடுத்தது அவளுடையதை. வீட்டுக்குள்தானே என்கிறாய். அவள் இந்த வீட்டுக்குள் இன்னும் வரவில்லை. வந்த பிறகு இந்த நாற்காலிகளில் உட்கார்ந்துதான் சாப்பிட வேண்டும். தனக்கு எதிரில் இருப்பவர்கள் தன்னைப் பற்றி என்ன தெரிந்து வைத்திருக்கிறார்கள் என்று தெரியாமல் சாப்பிட வேண்டும். ஒரு நாள் யாராவது பிரியமாகக் கன்னத்தைக் கிள்ளிச் சொல்வார்கள்.

உனக்கு நான் சொல்ல வேண்டிய அறிவுரை அதிகமில்லை. நகை, சீர், சொந்தக்காரர்கள் விஷயத்தில் மற்றவர்கள் சொல்வார்கள். நான் சொல்வது இதுதான். அவளிடம் நீயே சொல். நாளைக்குப் பட்டு எடுப்பதற்கு முன் சொல். அத்தை பிடுங்கினாள் என்று சொல்லாதே, நான் கொடுத்தேன் என்று சொல். எதைப் படித்தார்கள், யார் யார் கேட்டார்கள் என்று சொல். விலகிக்கொள்ள வேண்டும் என்றால் அவளுக்கு நேரம் இருக்க வேண்டும். எனக்கு அந்த நேரம் கிடைக்கவில்லை, தெரிந்தபோது புடவை பாதி கட்டியாகிவிட்டது. நீ சொல்லாவிட்டால் நான் சொல்வேன். கல்யாணம் நின்றால் நின்றுவிட்டுப் போகட்டும். மருமகள் வேண்டும் என்று எனக்கும் ஆசைதான். என்னைப் போல ஒருத்தி இந்த வீட்டில் இன்னொரு முறை வேண்டாம்.

இதை இங்கே முடித்து, சாயங்காலம் உன் கையில் கொடுத்தேன். மறுநாள் நடந்ததையும் எழுதி வைக்கிறேன், நடந்தது நடந்தபடி.

காரில் நீ முன் சீட்டில் ஏறிக்கொண்டாய். கடையின் மாடியில் வெள்ளைத் துணி விரித்து, அவர்கள் வீட்டார் முன்பே வந்து உட்கார்ந்திருந்தார்கள். கரும்பு விவசாயம் செய்கிற அவளுடைய அப்பா எழுந்து நின்று கும்பிட்டார். முதல் கட்டுப் புடவையைப் பிரிப்பதற்குள் நீ அவளைக் கூப்பிட்டுக்கொண்டு படிக்கட்டுப் பக்கம் போனாய். அத்தை என் விலாவில் இடித்து, "பாரு, அதுக்குள்ள அவசரத்த" என்றாள். நீ என்ன சொன்னாய், எப்படிச் சொன்னாய் என்று எனக்குத் தெரியாது. நீ அங்கேயே நின்றுவிட்டாய். அவள் மட்டும் திரும்பி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"நீங்களும் கேட்டீங்களாங்க?"

"கேட்டேன் சாமி."

"எது வரைக்கும் படிச்சாங்க?"

அவள் காதருகில் சொன்னேன். அவள் விரித்திருந்த புடவையின் ஜரிகையை விரலால் நீவிக்கொண்டே இருந்தாள். கடைப் பையன், "இந்தக் கலர் உங்களுக்கு எடுப்பா இருக்குமுங்க" என்றான். அவள் அவனுக்குத் தலையாட்டிவிட்டு எழுந்து, தன் அப்பாவிடம் போனாள். "அப்பா, ஊட்டுக்குப் போலாங்க."

"ஏன் சாமி, என்ன ஆச்சு?"

"தலை வலிக்குதுங்க. இன்னொரு நாளைக்குப் பாத்துக்கலாம்."

அவர்கள் போனார்கள். நீ கீழே அவர்கள் கார் வரை போய்விட்டுத் திரும்பி வந்தாய். அத்தை வழியெல்லாம், பட்டு எடுக்க வந்த இடத்தில் தலைவலி வருகிற பெண் எப்படிக் குடும்பம் நடத்துவாள் என்று பேசிக்கொண்டு வந்தாள். நீ முதல் முறையாக, "கொஞ்சம் சும்மா இருங்கத்த" என்றாய். அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

சாயங்காலம் பெண்ணின் அப்பா எனக்குப் போன் செய்தார். "முகூர்த்தத்தத் தள்ளி வெக்கச் சொல்லுதுங்க பாப்பா. எத்தன கேட்டும் காரணஞ் சொல்ல மாட்டீங்குது. உங்களுக்கு எதாச்சும் தெரியுங்களா?"

"தெரியுமுங்க. அது பாப்பா சொல்ல வேண்டியதுங்க. சொல்லலீன்னா கேக்காதீங்க."

அவர் சரிங்க என்று வைத்துவிட்டார். நீ அறை வாசலில் நின்றுகொண்டிருந்தாய், உன் அப்பா டிவியின் சத்தத்தைக் குறைத்திருந்தார். அத்தை சோபாவில் முன்னால் நகர்ந்து உட்கார்ந்து, "என்ன அம்மிணி சொன்னாரு?" என்று கேட்டாள். நான் சொல்லவில்லை.